குஞ்சுக்குப் புழுதான் சோறு

கம்பு பால் பிடிக்கும்போது தகர டப்பா தட்டிச் சிட்டுக்குருவியை விரட்டியவன்தான் நானும். போன வருஷம் எங்க திண்ணை விட்டத்துல ஒரு ஜோடி கூடு கட்டியது. நாலு முட்டை. மாறி மாறி அடைகாத்து, 12 நாள் போல குஞ்சு பொரித்தன.

அப்புறம்தான் கவனித்தேன்: கூட்டுக்கு வரும் அலகில் தானியமே இல்லை! பச்சைப்புழு, அசுவினி, சின்ன வெட்டுக்கிளி. குஞ்சு வளரப் புரதம் வேண்டுமே. பறக்க இரண்டு வாரம் ஆகும்; அதுவரை பொழுதுக்கும் புழு வேட்டைதான். அந்த நேரத்துல நாம மருந்தடிச்சா புழு சாகும். கூட்டுல குஞ்சும் பட்டினியில் சாகும்.

நான் மருந்தை விட்டுட்டேன். டப்பாவையும்தான். வேலியோரம் புதர், ஒரு சட்டித் தண்ணீர், புழுதிக் குளியலுக்குக் கொஞ்சம் காய்ந்த மண், கம்பில் சிறு பங்கு. குருவி கேட்கிற கூலி இவ்வளவுதாங்க.