இது யார் கடை?

கார்டுக் கணக்கில் முளைக்கும் புதுப் பெயர்கள்

ஞாயிற்றுக்கிழமை காலை. திருப்பூர் காங்கயம் ரோட்டை ஒட்டிய ஒரு சந்து. வாரம் முழுவதும் தடதடத்த தையல் மிஷின்கள் ஓய்ந்து கிடக்கின்றன. சனிக்கிழமை சம்பளம் வாங்கியவர்கள் கறிக்கடைக்கும் காய்கறிச் சந்தைக்கும் போய்க்கொண்டிருக்கிறார்கள். ஒரு வீட்டில் மட்டும் சத்தம்!

"ஏனுங்க, மும்பையில போயி மூவாயிரத்து எண்ணூறு ரூபாய்க்கு என்னத்தை வாங்குனீங்க?"

"நான் எங்க அம்மிணி மும்பைக்குப் போனேன்? அவினாசியைத் தாண்டியே ஆறு மாசமாச்சு!"

"அப்ப நம்ம பையனைக் கேளுங்க. கார்டு அவன் கையிலதானுங்களே சுத்துது?"

கேட்டார்கள். கல்லூரியில் படிக்கும் பையனுக்குக் கண்ணில் நீர் வந்துவிட்டது. அவன் எடுக்கவில்லை. ஆனால் எடுக்கவில்லை என்று எப்படி நிரூபிப்பான்?

இந்தக் குடும்பம் கற்பனைதான். ஆனால் இந்தச் சண்டை கற்பனை அல்ல. பாங்கியிலிருந்து மாதக் கணக்கு வரும்போது இது பல வீடுகளில் நடக்கிறது. முன்பின் கேள்விப்படாத ஒரு கடையின் பெயர். போகாத ஒரு ஊர். எதிரே ஒரு தொகை. திருட்டோ, மறதியோ தெரிவதற்கு முன்பே வீட்டுக்குள் ஒரு குற்றவாளி தயாராகிவிடுகிறான்!

வேடிக்கை என்னவென்றால், கணக்குப் பார்ப்பதில் திருப்பூர்க்காரரை யாரும் மிஞ்ச முடியாது. நிட்டிங்கிலிருந்து டையிங்குக்கு, டையிங்கிலிருந்து காம்பாக்டிங்குக்கு என்று துணி இடம் மாறும்போதெல்லாம் கூடவே ஒரு டி.சி. போகும். எத்தனை ரோல், எத்தனை கிலோ என்று அதில் எழுதியிருக்கும். டி.சி.யோடு ஒத்துப் பார்க்காமல் எந்தக் கம்பெனியிலும் பில் பாஸ் ஆகாது. ஒரு கிலோ குறைந்தாலும் போன் பறக்கும். அப்படிப்பட்ட மனிதர், சொந்தக் கார்டின் கணக்கு வந்தால் அடியில் இருக்கும் மொத்தத் தொகையை மட்டும் பார்த்துவிட்டு மூடி வைத்துவிடுகிறார்!

பெயர் ஏன் மாறுகிறது?

நாம் அறிந்திருப்பது கடையின் போர்டில் உள்ள பெயர். பாங்கி அறிந்திருப்பது கார்டு மிஷினை எந்தப் பெயரில் வாங்கினார்களோ அந்தப் பெயர். இரண்டும் ஒன்றாக இருக்க வேண்டும் என்பதில்லை. இதைத் திருப்பூர் மக்களுக்கு விளக்கவே வேண்டாம். போர்டில் அம்மன் பெயர் இருக்கும், ஜி.எஸ்.டி. பதிவில் மனைவி பெயர் இருக்கும். பாங்கிக் கணக்கு மச்சான் பெயரில் இருக்கும். பெரிய கடைகளின் கதையும் இதுதான். ஊர் ஊராகக் கிளை வைத்திருக்கும் ஜவுளிக் கடையின் தாய்க் கம்பெனி மும்பையிலோ பெங்களூரிலோ பதிவாகியிருக்கலாம். அவினாசி ரோட்டில் வாங்கிய சட்டை, கணக்கில் மும்பைச் சட்டையாகிவிடுகிறது.

இன்னொரு காரணமும் உண்டு. கடையின் மிஷினிலிருந்து பாங்கிக்குப் போகும் செய்தியில் கடையின் பெயர், ஊர் எல்லாவற்றுக்கும் சேர்த்து ஒதுக்கப்பட்டிருப்பது 40 எழுத்துக்கான இடம்தான். பொதுவான முறைப்படி பெயருக்கு 25, ஊருக்கு 13, நாட்டுக்கு 2. அதுவும் ஆங்கில எழுத்தில்! நீளமான நம் கடைப் பெயர்கள் அதற்குள் அடங்குமா? வாலை வெட்டிவிடுகிறார்கள். தலையும் வாலும் இல்லாத பெயரைப் பார்த்தால் சொந்தக்காரரே தம் கடையை அடையாளம் காண்பது சிரமம்.

இணையத்தில் வாங்கினால் குழப்பம் கூடுகிறது. கடைக்கும் பாங்கிக்கும் நடுவே பணத்தை வாங்கிக் கொடுக்கும் கம்பெனிகள் இருக்கின்றன. ரேசர்பே, பில்டெஸ்க், பேயு போன்றவை அவை. சில சமயம் கணக்கில் அவற்றின் பெயர்தான் தெரியும். சரக்கு விற்றவர் பெயர் பின்னால் ஒளிந்துகொள்ளும்.

தேதியும் ஏமாற்றும். கார்டைத் தேய்த்த நாள் ஒன்று. கணக்கில் ஏறிய நாள் ஒன்று. சனிக்கிழமை வாங்கியது திங்களன்றோ செவ்வாயன்றோ ஏறலாம். "செவ்வாய்க்கிழமை நான் ஷிப்டில் அல்லவா இருந்தேன்!" என்று அடித்துச் சொல்பவர், சனிக்கிழமையை நினைத்துப் பார்க்க வேண்டும்.

துப்புத் துலக்குவது எப்படி?

முதலில் தொகையைப் பாருங்கள், பெயரைப் பார்க்காதீர்கள். பெயர் மாறும், தொகை மாறாது. 3,840 ரூபாய் என்றால், அந்தத் தேதிக்கு நாலைந்து நாள் முன்னால் செல்போனில் அதே தொகைக்குச் செய்தி வந்திருக்கிறதா என்று தேடுங்கள். செய்தி வந்த நேரம் மாலை ஏழு மணி என்றால், அன்று மாலை ஏழு மணிக்கு எங்கே இருந்தோம்? பாதி வழக்குகள் இங்கேயே தீர்ந்துவிடும். நம் கற்பனைக் குடும்பத்திலும் அப்படித்தான். மாமியார் வீட்டு விசேஷத்துக்குத் துணி எடுத்த கடை அது. எடுத்தவர், வீட்டில் கேள்வி கேட்ட அதே அம்மாள்!

கடையில் கொடுக்கும் சிறு சீட்டு இருந்தால் வேலை இன்னும் சுலபம். கார்டின் கடைசி 4 எண்கள், 6 இலக்க ஒப்புதல் எண், 12 இலக்கத் தொடர்பு எண் எல்லாம் அதில் இருக்கும். கடையின் டி.சி. என்றே அதைச் சொல்லலாம். சீட்டு தொலைந்துவிட்டதா? பாங்கியைக் கேட்கலாம். எந்த வகைக் கடை என்பதற்கும் பாங்கியிடம் ஓர் எண் உண்டு. 5651 என்றால் குடும்பத் துணிக்கடை. 5541 என்றால் பெட்ரோல் பங்க். 5411 என்றால் மளிகை, சூப்பர் மார்க்கெட். பெயர் புரியாவிட்டாலும் துணியா பெட்ரோலா என்றாவது தெரியுமல்லவா?

இங்கே ஓர் ஆபத்து இருக்கிறது. புரியாத பெயரை இணையத்தில் தேடி, அங்கே கிடைக்கும் 'வாடிக்கையாளர் சேவை' எண்ணுக்குப் போன் செய்யாதீர்கள்! அந்த எண்ணைப் போட்டு வைத்துக் காத்திருப்பவன் திருடனாக இருக்கலாம். கார்டின் பின்புறம் அச்சிட்ட எண்ணே போதும்.

கௌஹாத்தியில் நடந்தது

அஸ்ஸாமில் கௌஹாத்தி நகரத்தவர் ஒருவர் 2021இல் இணையத்தில் ஒரு பெயர்பெற்ற கம்பெனியின் ஆயத்த ஆடையை வாங்கினார். அதைத் திருப்பியனுப்ப விரும்பினார். கம்பெனி ஆள் என்று சொல்லிக்கொண்டு ஒருவன் பேசினான். அவன் பேச்சைக் கேட்டு ஒரு செயலியைப் போனில் இறக்கியதும், பாங்கிக் கணக்கிலிருந்து 94,204 ரூபாய் பறந்தது. அவர் செய்த நல்ல காரியம் ஒன்று: 24 மணி நேரத்துக்குள் ஸ்டேட் பாங்கியிடம் புகார் கொடுத்துவிட்டார்.

பாங்கி பொறுப்பேற்க மறுத்தது. வழக்கு கௌஹாத்தி உயர்நீதிமன்றம் போய், சுப்ரீம் கோர்ட்டு வரை வந்தது. 2025 ஜனவரி 3இல் நீதிபதிகள் ஜே.பி.பர்திவாலா, ஆர்.மகாதேவன் ஆகியோர் பாங்கியின் அப்பீலைத் தள்ளுபடி செய்தார்கள். வாடிக்கையாளருக்குப் பணத்தைத் திருப்பித் தர வேண்டும் என்ற தீர்ப்பு நிலைத்தது. இந்த வழக்கில் அவருக்குத் துணை நின்றது அந்த முதல் 24 மணி நேரம்தான்.

மூன்று நாள் கணக்கு

அந்த வழக்கில் அடிப்படையாக இருந்தது 2017 ஜூலை 6இல் ரிசர்வ் பாங்கி வெளியிட்ட சுற்றறிக்கை. பாங்கியின் குற்றத்தால் பணம் போயிருந்தால் வாடிக்கையாளருக்கு ஒரு பைசா நஷ்டமில்லை. குற்றம் பாங்கியிடமும் இல்லை, வாடிக்கையாளரிடமும் இல்லை, வேறு யாரோ செய்தது என்றால் நாட்கணக்கு ஆரம்பமாகிறது. செய்தி கிடைத்து 3 வேலை நாட்களுக்குள் சொன்னால் நஷ்டமில்லை. 4 முதல் 7 நாட்களுக்குள் சொன்னால் ஓர் அளவு வரை நம் தலையில் விழும். சாதாரண சேமிப்புக் கணக்குக்கும் 5 லட்சம் வரை வரம்புள்ள கிரெடிட் கார்டுக்கும் அந்த அளவு 10,000 ரூபாய். 7 நாளும் கடந்தால் அந்தந்தப் பாங்கியின் கொள்கைப்படிதான்.

செய்தி வந்த நாள் கணக்கில் சேராது. நம் கிளையின் விடுமுறையும் சேராது. சனிக்கிழமை இரவு செய்தி வந்தால் திங்கள், செவ்வாய், புதன். அதற்காகப் புதன்கிழமை வரை காத்திருக்க வேண்டுமா? கூடாது! ஒருமுறை எடுத்தவன் மறுமுறையும் எடுப்பான். அந்த நிமிஷமே கார்டை நிறுத்தச் சொல்லி, புகார் எண் கேட்டு, கிடைத்த நேரத்தோடு எழுதி வைக்க வேண்டும். சைபர் குற்றத்துக்கு 1930 என்ற எண்ணும் இருக்கிறது.

புகார் சொன்ன 10 வேலை நாட்களுக்குள் பாங்கி அந்தத் தொகையைத் தற்காலிகமாக வரவு வைக்க வேண்டும்; 90 நாட்களுக்குள் முடிவு சொல்ல வேண்டும். தவறு வாடிக்கையாளருடையது என்றால் அதை நிரூபிக்கும் பொறுப்பும் பாங்கியுடையதுதான். ஆனால் ஓ.டி.பி.யை நாமே வாய்விட்டுச் சொல்லிக் கொடுத்துவிட்டால், புகார் சொல்லும் வரை போனது நம் பணம். சொன்ன பிறகு போனால்தான் பாங்கியின் பணம்.

பாங்கி 30 நாளில் பதில் சொல்லவில்லையா, அல்லது சொன்ன பதில் திருப்தியில்லையா? ரிசர்வ் பாங்கியின் குறைதீர்ப்பாளரிடம் கட்டணம் இல்லாமல் முறையிடலாம். நாடு முழுமைக்கும் ஒரே திட்டமாக இது 2021 நவம்பர் 12இல் தொடங்கியது.

இந்த உரிமைகள் சும்மா வந்தவை அல்ல. 1958 செப்டம்பரில் அமெரிக்காவில் பிரெஸ்னோ என்ற ஊரில் ஒரு பாங்கி, கேட்காதவர்களுக்கெல்லாம் 60,000 கார்டுகளைத் தபாலில் அனுப்பியது. திருட்டும் பாக்கியுமாகப் பெரிய கூத்தாகிவிட்டது. கார்டு பெருகப் பெருகத் தகராறும் பெருகி, 1974இல்தான் அங்கே பில்லை மறுத்துப் பேசும் உரிமை தனிச் சட்டமாயிற்று.

எல்லாம் திருட்டல்ல

மாதம் 199 ரூபாய் என்று ஒரு வரி. முதல் மாதம் இலவசம் என்று பையன் சேர்ந்த சினிமாச் சந்தா அது! இப்படித் தானாகப் பிடிக்கும் தொகைக்கு 24 மணி நேரம் முன்பே செய்தி அனுப்ப வேண்டும் என்ற விதி 2021 அக்டோபரிலிருந்து இருக்கிறது. செய்தி வருகிறது, படிப்பவர்தாம் இல்லை. இதற்குப் புகார் வேண்டாம். சந்தாவை ரத்து செய்தால் போதும்.

கடையில் ஒருமுறை கார்டைத் தேய்த்து, சிக்னல் இல்லை என்று மறுமுறை தேய்த்து, இரண்டு தடவையும் பணம் போய்விட்டதா? கடைக்குச் சேராத தொகை 5 நாளில் தானே திரும்ப வேண்டும் என்றும், தாமதித்தால் நாளொன்றுக்கு 100 ரூபாய் பாங்கி தர வேண்டும் என்றும் 2019 செப்டம்பரில் ரிசர்வ் பாங்கி உத்தரவிட்டிருக்கிறது.

கடைக்காரர் பக்கமும் ஒரு நியாயம் உண்டு. காதர்பேட்டையில் பனியன் கட்டு விற்ற வியாபாரியின் பெயர் புரியவில்லை என்பதற்காக ஒருவர் 'இது என் செலவல்ல' என்று எழுதிக் கொடுத்தால், அந்தப் பணம் வியாபாரியின் கணக்கிலிருந்து திரும்பப் பிடிக்கப்படலாம். சீட்டையும் பில்லையும் காட்டி அவர் மல்லுக்கு நிற்க வேண்டும். சரக்கோ ஏற்கனவே ஒடிசாவுக்கோ பீகாருக்கோ போய்ச் சேர்ந்திருக்கும். ஆகவே தொகையையும் நேரத்தையும் வீட்டில் ஒருமுறை ஒத்துப் பார்த்துவிட்டுப் புகார் எழுதுவதே முறை. அதற்கு ஒரு மணி நேரம் போதும். மூன்று நாள் வேண்டாம்.

வெளிநாட்டுக் கடைகளில் ஓ.டி.பி. கேட்காமலே பணம் எடுத்த சம்பவங்கள் பல. அதற்கும் கதவு உண்டு. வெளிநாட்டு உபயோகம், இணைய உபயோகம் ஆகியவற்றைப் போனிலேயே மூடவும் திறக்கவும் 2020 அக்டோபரிலிருந்து வசதி கொடுத்திருக்கிறார்கள். வெளிநாட்டில் வாங்க வேலையில்லாதவர் அதை மூடியே வைக்கலாம்.

கடைசியாக அந்தச் சீட்டைப் பற்றி. அது மையில் அச்சிட்டதல்ல. சூட்டில் எழுத்து வரும் காகிதம். சில மாதத்தில் எழுத்து மங்கிவிடும். சட்டைப் பையில் மறந்துவிட்டு அயர்ன் பாக்ஸ் வைத்தாலோ சீட்டு முழுவதும் கறுத்துப் போகும். வாங்கிய அன்றே போனில் ஒரு படம் எடுத்துக்கொண்டு, பிறகு டி.சி. குத்தும் கம்பியில் குத்தி வைக்கலாம்.