கிறிஸ்மஸ் தீவின் மூஞ்சூறு

மூஞ்சூற்றை எலியென்று கருதுவோர் நம்மிடையே பலர். பிள்ளையாரின் ஊர்தியை எலி என்றும், மூஞ்சூறு என்றும், பெருச்சாளி என்றும் வாய்க்கு வந்தபடி சொல்லிவிடுகிறோம். ஆனால் விலங்கியலார் கணக்கில் எலி வேறு, மூஞ்சூறு வேறு. எலி கொறித்துண்ணும் குலத்தது. மூஞ்சூறோ பூச்சியுண்ணி, நீண்டு கூர்த்த மூக்கும் மிகச் சிறிய கண்களும் உடையது. இவ்வேறுபாட்டை முதலிலேயே சொல்லி வைப்பதற்குக் காரணமுண்டு. நாம் கூறவந்த மூஞ்சூற்றினத்தின் கேடு, எலிகளின் வரவோடு தொடங்குகிறது.

ஜாவாவுக்குத் தெற்கே ஏறத்தாழ 350 கிலோமீட்டர் தொலைவில், இந்துமாக்கடலில் இருப்பது கிறிஸ்மஸ் தீவு. பரப்பு 135 சதுர கிலோமீட்டர். 1888-ஆம் ஆண்டில் பிரிட்டன் உடைமையாக்கிக் கொண்ட இத்தீவு, சிங்கப்பூரிலிருந்து ஆளப்பெற்று, 1958-இல் ஆஸ்திரேலியாவின் கைக்கு மாறியது. ஆகவே நாம் அயல்நாட்டுச் செய்தியென்று ஒதுக்கத்தக்கதன்று இது.

அத்தீவுக்கே உரிய பாலூட்டிகள் ஐந்து: எலியினம் இரண்டு, மூஞ்சூறு ஒன்று, பூச்சி தின்னும் சிறு வௌவால் ஒன்று, பழந்தின்னி வௌவால் ஒன்று. மூஞ்சூற்றின் எடை 5 கிராம் அளவே; சிங்கப்பூரின் ஒரு வெள்ளி நாணயம் அதனினும் கனமானது.

1897-இல் பிரிட்டிஷ் அரும்பொருட்காட்சி சாலையைச் சேர்ந்த சார்ல்ஸ் ஆண்ட்ரூஸ் அங்குச் சென்று பல மாதம் தங்கினார். மனிதர் குடியேறித் தீவை மாற்றுமுன் அதன் உயிரினங்களைப் பதிவுசெய்வதே அவர் நோக்கம். மூஞ்சூறு தீவெங்கும் மலிந்திருந்ததென்றும், இரவில் வௌவால் கத்துவது போன்ற அதன் கீச்சொலி எப்பக்கமும் கேட்டதென்றும் அவர் குறித்துள்ளார். 1908-இல் அவர் மீண்டும் சென்றபோது அவ்வொலி இல்லை. எலியினங்கள் இரண்டும் இல்லை. பத்தே ஆண்டுகள்!

இடையில் நிகழ்ந்தது யாது? பாஸ்பேட் தோண்டும் தொழில் தொடங்கிக் கப்பல்கள் வந்தன. கப்பலோடு கருப்பெலிகளும் கரையேறின. அவற்றின் தெள்ளுப்பூச்சிகள் வழியே டிரிப்பனோசோம் என்னும் ஒருசெல் ஒட்டுண்ணி பரவியது. கருப்பெலி அந்நோயைத் தாங்கப் பழகியது; தீவின் எலிகளோ அதனை அறியாதவை. காட்சிசாலைகளில் இருந்த பழைய எலித்தோல்களை ஆராய்ந்தோர் 2008-இல் இதற்குச் சான்று காட்டினர்: கருப்பெலி வருமுன் பிடிபட்ட எலிகளில் ஒட்டுண்ணியின் தடயம் இல்லை, பின்னர்ப் பிடிபட்டவை சிலவற்றில் இருந்தது. மூஞ்சூற்றையும் இந்நோயே சாய்த்தது என்பது அறிஞர் பலரின் கருத்து.

எனினும் மூஞ்சூறு முற்றும் ஒழிந்துவிடவில்லை. 1958-இல் சுரங்கத்துக்காகக் காட்டை அழித்தபோது இரண்டு அகப்பட்டன; பிடித்தவர்கள் அவற்றை விட்டுவிட்டனர். அதன்பின் 1984 டிசம்பரில், பறவைக்கூட்டுப் பெரணிச் செடியொன்றில் ஒரு பெண் மூஞ்சூறு கிடைத்தது. அடுத்த மார்ச்சில் ஓர் ஆணும் அகப்பட்டது! அழியும் இனத்துக்கு இதனினும் நல்வாய்ப்பு வேறென்ன வேண்டும்? ஆனால் ஆண் மூன்று வாரங்களில் மாண்டது. பெண் மட்டும் கூண்டில் ஓராண்டுக்கு மேல் தனித்து வாழ்ந்தது. அதற்குப்பின் எவர் கண்ணிலும் மூஞ்சூறு படவில்லை.

உலக இயற்கைப் பாதுகாப்பு ஒன்றியம் 2025 அக்டோபரில்தான் இவ்வினம் அற்றுப்போனதாக அறிவித்தது. நாற்பதாண்டுக் காத்திருப்பு மிகையென்று சிலர் எண்ணலாம். அடர்ந்த காட்டில் விரலளவு உயிரைத் தேடுவது எளிதன்று. தவிர, இல்லையென்று கைவிட்டபின்னும் இருமுறை வெளிப்பட்ட பிராணி இது. அவசரப்பட்டுப் பெயரை அடித்துவிட்டால் தேடுதலும் காவலும் அன்றே நின்றுபோகும். எனவே தாமதம் முறையானதே என்பது நம் கருத்து.

சிறு வௌவாலின் ஒலி கடைசியாகக் கேட்டது 2009 ஆகஸ்டில். அதன் முடிவை 2017-இல் அறிவித்தனர். ஐந்தினுள் இன்று எஞ்சியிருப்பது பழந்தின்னி வௌவால் ஒன்றே. அதன் பெயரும் அழிவின் விளிம்பில் உள்ளவற்றின் பட்டியலில் இருக்கிறது.