கேமராவும் சக்கரமும் – 6: தோற்ற சாம்பியனோடு ஒரு வருடம்

அலைச்சறுக்கைப் பற்றி 'தி எண்ட்லெஸ் சம்மர்' எடுத்துப் பேர் வாங்கிய புரூஸ் பிரவுனைச் சென்ற வாரம் பார்த்தோம். அடுத்து என்ன என்று எல்லாரும் எதிர்பார்த்திருக்க, அவர் மோட்டார் சைக்கிள் பக்கம் திரும்பினார். அவரே வண்டி ஓட்டுகிறவர். மோட்டார் சைக்கிள் ஓட்டுகிறவர்களை ரவுடிகளாகவே காட்டிக்கொண்டிருந்த சினிமா மீது அவருக்கு வருத்தம் இருந்தது.

பணத்துக்கு நடிகர் ஸ்டீவ் மெக்வீனிடம் போனார். "நான் நடிக்கிறவன், பணம் போடுகிறவன் இல்லை" என்கிற ரீதியில் மெக்வீன் மறுக்க, அப்படியானால் படத்தில் உங்களுக்கு இடமில்லை என்று பிரவுன் விளையாட்டாகச் சொன்னாராம். மறுநாளே மெக்வீன் சம்மதித்துவிட்டார். 3 லட்சம் டாலருக்கு மேல் கிடைத்தது. ஆனாலும் ஸ்லோமோஷனுக்கான விலை உயர்ந்த கேமராக்களுக்கு அது காணாது.

பிரவுன் ஒரு வழி கண்டுபிடித்தார். 12 வோல்ட்டில் ஓடும் கேமராவுக்கு 24 வோல்ட் பேட்டரியை மாட்டினார். மோட்டார் தறிகெட்டுச் சுழன்றது. நொடிக்கு வழக்கத்தைவிட அதிக ஃபிரேம்கள் பதிவாயின. தியேட்டரில் வழக்கமான வேகத்தில் ஓட்டும்போது எல்லாம் நிதானமாக நகர்ந்தது. மண் தடத்தின் வளைவில் பின்சக்கரம் வழுக்கிக்கொண்டே போவதும், ஓட்டுபவர் இடது காலைத் தரையில் ஊன்றி வண்டியைச் சாய்ப்பதும், சக்கரம் வாரியடிக்கும் புழுதி கட்டி கட்டியாக எழும்புவதும் அப்போதுதான் கண்ணுக்குப் பிடிபட்டன. ஹெல்மெட்டிலும் கேமராவைப் பொருத்தினார். இன்றைய கையடக்கக் கேமரா இல்லை அது. அந்தக் கனத்தைக் கழுத்து தாங்க வேண்டும்.

ஆனால் அவரைப் பெரிய இயக்குநர் என்று நான் சொல்வது இந்த உத்திகளுக்காக அல்ல. மெர்ட் லாவிலுக்காக.

1969இல் அமெரிக்க கிராண்ட் நேஷனல் சாம்பியன் லாவில். அதனால் 1970இல் அவர் வண்டியில் 1ஆம் எண். பிரவுனின் கேமரா அவரோடு கிளம்பியது. எஞ்சினைத் தானே பிரித்துக் கோர்ப்பார், வேனில் ஏற்றுவார், அடுத்த ஊருக்கு ஓட்டிப் போவார். அந்த வருடம் எஞ்சின் அவரைத் திரும்பத் திரும்பக் கைவிட்டது. பட்டம் ஜீன் ரொமெரோவுக்குப் போனது. வேறு இயக்குநராக இருந்தால் பாதியிலேயே ரொமெரோவின் பின்னால் ஓடியிருப்பார். பிரவுன் லாவிலை விடவில்லை. ஒரு நல்ல கைவினைஞன் தன் தவறே இல்லாமல் தோற்கும்போது முகம் எப்படியிருக்கும் என்பது அதனால்தான் திரையில் பதிவானது. பந்தயப் படங்களில் எனக்கு இதைவிடப் பெரிய காட்சி இல்லை.

அதே படத்தில் மால்கம் ஸ்மித் என்ற பந்தய வீரரும் வருகிறார். கரடுமுரடான பாதையிலும் சிரித்த முகம் மாறாதவர்.

1971இல் அந்தப் படம் 'ஆன் எனி சண்டே' என்ற பெயரில் வெளியாகி, ஆஸ்கருக்கும் பரிந்துரைக்கப்பட்டது. பிரவுன் 2017இல் காலமானார். அதற்கு முன்பே மகன் டேனா கேமராவை எடுத்துக்கொண்டு மெக்சிகோவின் பாஹா பாலைவனத்துக்குப் போயிருந்தார். பாஹா 1000 பந்தயத்தைப் பற்றி 2005இல் அவர் கொண்டுவந்த 'டஸ்ட் டு க்ளோரி'யை அடுத்த வாரம் பார்ப்போம்.

(தொடரும்)