நெறிக்கட்டியும் நோய்க்குறியீடும்

கழுத்தில் நெறி கட்டியிருக்கிறது என்று ஒருவர் மருத்துவமனைக்கு வந்தால், அந்த வீக்கத்துக்குள் இருக்கும் வியாதி இன்னதென்று தொட்டுப் பார்த்த மாத்திரத்தில் சொல்லிவிட எத்தனை அனுபவம் வாய்ந்த வைத்தியராலும் இயலாது. அது நம் முன்னோர் கண்டமாலை என்று குறிப்பிட்ட காசநோய்க் கட்டியாக இருக்கலாம். புகையிலை போட்டுப் பழகிய வாயில் உண்டான புற்று, நிணநீர் வழியே இறங்கி வந்து நிணநீர்க் கணுவில் தங்கியதாக இருக்கலாம். அல்லது அந்தக் கணுவுக்கே சொந்தமான உயிரணுக்களில் பிறந்த நிணநீர்ப் புற்றுநோயாகவும் இருக்கலாம். விரலுக்கு மூன்றும் ஏறக்குறைய ஒன்றாகவே தட்டுப்பட்டாலும், சர்வதேச நோய்ப் பட்டியலில் அவற்றின் ஸ்தானங்கள் முற்றிலும் வேறானவை. காசநோய்க் கணுவுக்கு உரிய குறியீடு ஏ 18.2; வேறோர் உறுப்பின் புற்று கழுத்துக் கணுவில் பரவியிருந்தால் சி 77.0, நிணநீர்ப் புற்றுநோய் என்றால் சி 81 முதல் சி 86 வரையிலான பிரிவுகளில் ஒன்று. காரணம் இன்னும் நிர்ணயமாகாமல் வீக்கம் மட்டுமே தெரிந்திருக்கும் வரையில், ஆர் 59 என்று எழுதுவதே நேர்மை.

ஓர் எழுத்தும் சில எண்களும் சேர்ந்த இந்தச் சிறு குறிப்பை அலுவலகக் கணக்குக்கான சடங்காகவே பலரும் கருதுகிறார்கள். ஆனால் நோயாளி ஒருவரின் மருந்துக்குக் காப்பீட்டு ஸ்தாபனம் அனுமதி தருவதும், அடுத்த ஊரில் அவரைப் பார்க்கும் மருத்துவர் அவருடைய முன்வரலாற்றை அறிவதும், ஒரு நாட்டில் எந்த நோய் எத்தனை பேரைத் தாக்குகிறது என்று அரசாங்கம் கணக்கிடுவதும் இந்தக் குறிப்பை நம்பித்தான். ஆகவே, திசுப் பரிசோதனை எதைச் சொன்னதோ அதையே, அதற்குக் கூடுதலாகவும் அல்லாமல் குறைவாகவும் அல்லாமல், குறியீடு சொல்ல வேண்டும் என்பது மருத்துவ தர்மத்தின் ஓர் அங்கம் என்றே நான் நம்புகிறேன்.

நோய்களை உலகம் முழுவதற்கும் பொதுவான ஒரு பட்டியலில் அடக்க வேண்டும் என்ற எண்ணம் புதிதன்று. பிரெஞ்சுப் புள்ளியியல் அறிஞர் ழாக் பெர்த்தியோன் 1893இல் மரண காரணங்களுக்கான ஒரு சர்வதேசப் பட்டியலை முன்வைத்தார். 1948இல் உலக சுகாதார ஸ்தாபனம் அந்தப் பொறுப்பை ஏற்று ஆறாவது திருத்தத்தை வெளியிட்டபோது, உயிரைப் பறிக்காத வியாதிகளும் பட்டியலில் இடம்பெற்றன. 1990இல் ஏற்கப்பட்ட பத்தாவது திருத்தமே இன்றும் பல நாடுகளில் வழங்குகிறது. அமெரிக்கா அதைத் தன் சிகிச்சை முறைக்கு ஏற்ப மேலும் விரித்து, 2015 அக்டோபர் முதல் தேதியிலிருந்து பின்பற்றி வருகிறது. பதினோராவது திருத்தம் 2022 ஜனவரியில் அமலுக்கு வந்துவிட்டது.

மற்றப் புற்றுநோய்களைக் காட்டிலும் நிணநீர்ப் புற்றுநோய்களைப் பட்டியலிடுவது கடினமாக இருப்பதற்கு அவற்றின் சரித்திரமே சாட்சி. லண்டன் கைஸ் மருத்துவமனையில் பணியாற்றிய தாமஸ் ஹாட்ஜ்கின் 1832இல், நிணநீர்க் கணுக்களும் மண்ணீரலும் பெருத்து மாண்ட சிலரைப் பற்றி ஒரு கட்டுரை எழுதினார். நுண்ணோக்கியின் துணையின்றி, கண்ணால் கண்டதைக் கொண்டே எழுதப்பட்ட கட்டுரை அது. 1865இல் சாமுவேல் வில்க்ஸ் அந்த நோய்க்கு ஹாட்ஜ்கினின் பெயரையே சூட்டினார். 1898இல் ஸ்டெர்ன்பெர்க்கும் 1902இல் டாரதி ரீடும் அந்த நோய்க்கே உரிய பேரணுக்களை விவரித்தார்கள். பின்னர் 1926இல் ஹெர்பர்ட் ஃபாக்ஸ், ஹாட்ஜ்கின் பார்த்த நோயாளிகள் சிலருடைய பாதுகாக்கப்பட்ட திசுக்களை நுண்ணோக்கியில் ஆராய்ந்தபோது, அவை அனைத்தும் ஒரே நோயைச் சேர்ந்தவை அல்ல என்பது புலனாயிற்று. கூர்ந்த பார்வை கொண்ட அறிஞரே ஒரு பெயரின் கீழ் வெவ்வேறு நோய்களைச் சேர்த்திருந்தார் என்றால், அந்தப் பிழை எத்தனை இயல்பானது என்பதை உணர வேண்டும். அதன்பின் பல பகுப்பு முறைகள் தோன்றி மறைந்தன. 2001இல் உலக சுகாதார ஸ்தாபனம் வெளியிட்ட வகைப்பாடு, உருவத்தோடு உயிரணுவின் பிறப்பையும் மரபணு மாற்றத்தையும் சேர்த்துப் பார்த்தது. இன்று அறியப்படும் வகைகளோ பல டஜன்.

ஓர் அறிக்கையை அருகில் வைத்து வாசித்தால் விஷயம் தெளிவாகும். ஒரு பெண்மணியின் கழுத்திலிருந்து ஒரு கணு முழுவதுமாக எடுக்கப்பட்டு நோயியல் வல்லுநரிடம் போகிறது என்று வைத்துக்கொள்வோம். கணுவின் இயல்பான அமைப்பு சிதைந்து, பெரிய உயிரணுக்கள் பரவலாக நிறைந்திருப்பதை அவர் காண்கிறார். சிடி 20 என்னும் புரதத்தைத் தேடும் பரீட்சையில் அந்த உயிரணுக்கள் பழுப்பு நிறம் ஏற்கின்றன. டி உயிரணுக்களுக்கு உரிய சிடி 3 பரீட்சையில் நிறம் ஏறவில்லை. மற்றப் பரீட்சைகளும் ஒத்துவரவே, பரவலான பெரிய பி உயிரணு நிணநீர்ப் புற்றுநோய் என்று அறிக்கை முடிகிறது. நோய் கழுத்தில் மட்டுமே இருக்குமானால், அமெரிக்க முறையில் அதற்குரிய குறியீடு சி 83.31. சி 83 என்பது நோயின் பெரும்பிரிவு. புள்ளிக்கு அடுத்த 3 இந்தக் குறிப்பிட்ட வகை. இறுதியில் நிற்கும் 1, தலை, முகம், கழுத்துக் கணுக்கள் என்ற இடம். அக்குளில் இருந்தால் அந்த இறுதி எண் 4, மண்ணீரலில் இருந்தால் 7, பல இடங்களின் கணுக்களில் இருந்தால் 8. புற்றுநோய்ப் பதிவேடுகளுக்கென்று தனியாக வகுக்கப்பட்ட முறையிலோ இதே நோயின் திசு வடிவம் 9680/3 என்று எழுதப்படும். சாய்கோட்டுக்குப் பின்வரும் 3, அது பிறந்த இடத்திலேயே கொடிய இயல்புடையது என்பதைக் குறிக்கும்.

வகையை இவ்வளவு நுணுக்கமாகப் பிரிப்பது ஏன் என்று கேட்டால், சிகிச்சையே அதற்கு விடை. 1997இல் அமெரிக்காவில் அனுமதி பெற்ற ரிட்டுக்சிமாப் என்ற மருந்து, சிடி 20 புரதத்தைப் பற்றிக்கொண்டு வேலை செய்வது. பி உயிரணுவில் பிறந்த நோய்களுக்குப் பேருதவியாக வந்த அந்த மருந்து, அப்புரதம் இல்லாத டி உயிரணு நோய்களில் பற்றுவதற்கு இடமின்றிப் போகும். சி 82 என்று குறிக்கப்படும் ஃபாலிகுலர் வகையில், தொந்தரவு ஏதும் இல்லாதவர்களுக்கு உடனே மருந்து தொடங்காமல் கவனமாகக் கண்காணித்து வருவதும் ஏற்கப்பட்ட முறையே. அதற்கு நேர்மாறாக, டெனிஸ் பர்கிட் 1958இல் உகாண்டாக் குழந்தைகளின் தாடைகளில் கண்டு விவரித்த நோய், மனித உடலில் மிக வேகமாக வளரும் கட்டிகளுள் ஒன்று. அதில் ஒவ்வொரு நாளின் தாமதமும் ஆபத்து. இவ்வளவு வேறுபட்ட நோய்களை வகை குறிப்பிடப்படாதது என்று சி 85.9இல் ஒன்றாகப் போட்டுவிட்டால், நோயியல் வல்லுநரின் உழைப்பெல்லாம் விழலுக்கு இறைத்த நீராகிவிடும்.

பிழைகள் நேரும் இடங்களும் பெரும்பாலும் தெரிந்தவையே. முதலாவது, சி 77 என்னும் எண். பத்தாவது திருத்தத்தில் அது வேறிடத்திலிருந்து கணுவுக்குப் பரவிய புற்றைக் குறிக்க, புற்றுநோய்ப் பதிவேட்டு முறையிலோ அதே சி 77 கணு என்ற இடத்தை மட்டுமே குறிக்கிறது. இரண்டையும் குழப்பிக்கொண்டால், நிணநீர்ப் புற்றுநோயாளி ஒருவர், பிறந்த இடம் தெரியாத வேறொரு புற்றின் நோயாளியாகப் பதிவாகிவிடுவார். இரண்டாவது, நோய் வயிற்றிலோ எலும்பு மச்சையிலோ காணப்பட்டவுடன், மற்றப் புற்றுகளின் வழக்கப்படி அதைப் பரவிய புற்றாகத் தனியே குறிப்பது. நிணநீர்ப் புற்றுநோய் எத்தனை இடங்களில் தோன்றினாலும் தன் சொந்தப் பிரிவிலேயே நிற்க வேண்டும் என்பதே விதி. மூன்றாவது, சிகிச்சையால் நோய் தணிந்த நிலையும் பழைய வரலாறும். தணிந்த நிலையில் இருப்பவரை நோயுள்ளவராகவே கருதும் அமெரிக்க முறை, அதற்கென 2024 அக்டோபரிலிருந்து இறுதியில் ஏ என்ற எழுத்தையும் வழங்கியிருக்கிறது. நோய் முற்றும் நீங்கியதென்று மருத்துவர் எழுதிய பிறகே இசட் 85.7 என்ற வரலாற்றுக் குறியீட்டுக்கு இடம். நான்காவது, எல்லாவற்றிலும் கொடியது, புறநோயாளிச் சீட்டில் சந்தேகம் என்று எழுதப்பட்டதை நிர்ணயமாகவே பதிந்துவிடுவது. காசநோய்க் கட்டியோடு வந்த ஓர் இளைஞனின் பெயருக்கு எதிரே புற்றுநோய் என்ற முத்திரை விழுமானால், பிற்காலத்தில் காப்பீடு கேட்கும்போதெல்லாம் அது அவனைத் தொடர்ந்து வரக்கூடும்.

சென்னையிலும் கோயம்புத்தூரிலும் ஆயிரக்கணக்கான இளைஞர்களும் யுவதிகளும், கடல் கடந்த அமெரிக்க மருத்துவமனைகளின் ஏடுகளைப் படித்துக் குறியீடு இடும் மெடிக்கல் கோடிங் தொழிலில் ஈடுபட்டிருக்கிறார்கள். முகமறியாத ஒரு நோயாளியின் நலன் தங்கள் கையிலும் இருக்கிறது என்ற எண்ணம் அவர்களுக்கு இருத்தல் வேண்டும். திசு அறிக்கை ஒன்று சொல்லி, மருத்துவரின் குறிப்பு வேறொன்று சொல்லுமானால், எது சரியென்று தாமே ஊகிக்காமல், முறைப்படி மருத்துவரிடமே கேட்டு எழுதுவதுதான் இத்தொழிலின் நாணயம். அவ்வாறு கேட்பவரைத் தொந்தரவாகக் கருதாமல் விடை தருவது மருத்துவரின் கடமை. நாளொன்றுக்கு இத்தனை ஏடுகள் முடிய வேண்டும் என்று நெருக்கும் நிர்வாகமும், கேட்டுத் தெளிவதற்கான அவகாசத்தை வேலையின் பகுதியாகவே கணக்கிட வேண்டும்.

நம் நாட்டுக்கும் இதில் பெரும் பங்கு உண்டு. இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகம் 1981இல் தொடங்கிய தேசியப் புற்றுநோய்ப் பதிவேட்டுத் திட்டத்தின் ஆரம்பப் பதிவேடுகளுள் ஒன்று, டாக்டர் முத்துலட்சுமி ரெட்டியின் முயற்சியால் உருவான அடையாறு புற்றுநோய் நிலையத்தில் அமைந்தது. மருத்துவமனைகளிலிருந்தும் மரணப் பதிவுகளிலிருந்தும் இத்தகைய பதிவேடுகள் சேர்க்கும் விவரம், மூலத்தில் எழுதப்பட்ட அளவுக்கே துல்லியமாக இருக்க முடியும். எந்த வகை நம் மக்களிடையே மிகுதி, எந்த மருந்தைப் பொது மருத்துவமனைகளில் இருப்பு வைக்க வேண்டும் என்ற கேள்விகளுக்கெல்லாம் அங்கிருந்துதான் விடை வர வேண்டும்.

வாசகர்கள் செய்யத்தக்கதும் சில உண்டு. வீட்டில் ஒருவருக்கு இந்நோய் கண்டால், புற்றுநோய் என்ற பொதுச்சொல்லோடு திருப்தியடையாமல், எந்த வகை, எந்த நிலை என்று மருத்துவரிடம் கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள். திசுப் பரிசோதனை அறிக்கையின் பிரதியைப் பத்திரப்படுத்துங்கள். மருத்துவமனையிலிருந்து வீடு திரும்பும்போது தரப்படும் டிஸ்சார்ஜ் அறிக்கையில் அதே முழுப்பெயர் இருக்கிறதா என்று ஒப்பிட்டுப் பாருங்கள். மாறுபட்டிருந்தால் திருத்தித் தரும்படி கேட்பதில் தயக்கம் வேண்டியதில்லை. பிழையாக எழுதப்பட்ட நோய், அந்த ஒருவரின் சிகிச்சையைக் கெடுப்பதோடு நில்லாமல், அவருக்குப் பின் அதே நோயோடு வரப்போகிறவர்களுக்காகத் தீட்டப்படும் திட்டங்களையும் பிழையாக்குகிறது. ஆகையால், சரியாக எழுதும்படி கேட்பது நோயாளியின் உரிமை; தமக்குப் பின் வருகிறவர்களுக்கு அவர் செய்யும் உபகாரமும் அதுவே.