கணவாய்க் காற்றும் என் புறவாசலும்

ஆனி மாதத்தில் ஒரு நாள் குற்றாலத்தில் பஸ் ஏறி ஆலங்குளத்தில் இறங்கிப் பாருங்கள். ஏறும்போது தலையில் சாரல் விழும். தென்காசி தாண்டுகையில் வெயிலும் தூறலும் மாறி மாறி வரும். பாவூர்சத்திரத்தில் மழை என்று சொல்ல ஒன்றும் இருக்காது. காற்று மட்டும் குளிர்ந்திருக்கும், போகிற மேகம் நாலு துளி உதறிவிட்டுப் போகும். ஆலங்குளத்தில் இறங்கினால் காற்றும் புழுதியும்தான். எல்லாம் முப்பது கிலோமீட்டர் வாக்கில் முடிந்துவிடுகிற தூரம். அதற்குள் வானிலை இத்தனை முறை மாறுகிறதென்றால், புறவாசலில் எந்தச் செடியை, எந்த மாதத்தில், எந்தப் பக்கமாக நடுவது என்பதும் ஊருக்கு ஊர் மாறத்தானே செய்யும்? பாவூர்சத்திரத்தில் வீட்டுத்தோட்டம் போடுகிறவர்களுக்கு இந்த ஊரின் ஆண்டு எப்படிப் போகிறது என்பதை எனக்குத் தெரிந்த அளவில் சொல்கிறேன்.

காரணம் மேற்கே இருக்கிறது. அரபிக்கடலிலிருந்து வரும் தென்மேற்குப் பருவக்காற்று மேற்குத்தொடர்ச்சி மலையில் முட்டி ஏறும்போது மழையைக் கேரளத்துப் பக்கம் கொட்டிவிடுகிறது. இந்தப் பக்கம் இறங்கும்போது சூடேறிக் காய்ந்துபோகிறது. ஜூன், ஜூலையில் தமிழ்நாட்டின் பெரும்பகுதி காய்ந்து கிடப்பது அதனால்தான். ஆனால் செங்கோட்டைக்கு மேற்கே மலை தாழ்ந்து வழிவிடுகிறது. அதுதான் ஆரியங்காவு கணவாய். கொல்லத்திலிருந்து செங்கோட்டைக்கு 1904-இல் ரயில் வந்ததும் அந்த வழியாகத்தான். அதே வழியில் ஈரக்காற்றும் வருகிறது. குற்றாலத்தில் சாரலாக விழுந்து, கிழக்கே வர வர ஈரத்தை இழந்து, வேகத்தை மட்டும் விடாமல் ஓடுகிறது. சுரண்டை, ஊத்துமலை பக்கமெல்லாம் காற்றாலைகள் நிற்பது இந்தக் காற்றை நம்பித்தான். பாவூர்சத்திரம் குற்றாலத்துச் சாரலுக்கும் இந்தக் காற்றாலைகளுக்கும் நடுவில் இருக்கிறது. ஈரமும் கொஞ்சம் உண்டு, வேகமும் உண்டு.

நான் பிறந்தது விளாத்திகுளம் பக்கத்துக் கரிசல்காட்டில். எங்களுக்கு ஆடி என்றால் நிலம் வெடித்துக் கிடக்கும் மாதம். புரட்டாசி பிறந்து கிழக்கே மேகம் கட்டினால்தான் விதைப்பெட்டியை எடுப்போம். வானம் பார்ப்பது என்றால் கிழக்கே பார்ப்பதுதான். கல்யாணமாகி இங்கே வந்தபோது மாமியார் எனக்குச் சொன்ன முதல் வேலை, "ஏட்டி, மேக்க பாத்துட்டுத் தண்ணி ஊத்து" என்பது. மேற்கே மலை தெளிவாகத் தெரிந்தால் குடத்தை எடுக்கவேண்டும். மலை மறைந்து வெள்ளையாக மூடியிருந்தால் சாயங்காலம் வரை பொறுக்கலாம். இந்த ஊரை நான் பழகியது அந்த ஒரு வாக்கியத்திலிருந்து.

பள்ளிக்கூடத்தில் ஆறு பெரும்பொழுதுகளை மனப்பாடம் செய்திருப்போம். கார், கூதிர், முன்பனி, பின்பனி, இளவேனில், முதுவேனில் என்று. அந்தக் கணக்கில் ஆனியும் ஆடியும் முதுவேனில். ஆண்டிலேயே கொடுமையான வெயில் காலம். இங்கேயோ அப்போதுதான் அருவி விழுகிறது. சிற்றாற்றுப் பாசனத்தில் கார் நெல் அப்போதுதான் நடவாகிறது. பிறகு வடகிழக்குப் பருவமழையை வைத்துப் பிசான நெல். ஆண்டுக்கு இரண்டு மழையில் ஒன்று மேற்கிலிருந்து, ஒன்று கிழக்கிலிருந்து. நிலத்தையும் பொழுதையும் சேர்த்து முதற்பொருள் என்று வைத்த தொல்காப்பியம் எத்தனை சரியாக வைத்திருக்கிறது என்று இங்கே வந்த பிறகுதான் எனக்கு உறைத்தது. நிலம் மாறினால் பொழுதும் மாறிவிடுகிறது.

இனி தோட்டத்துக்கு வருவோம். இங்கே தோட்டம் போடுகிறவர் முதலில் கவனிக்கவேண்டியது காற்றைத்தான், மண்ணெல்லாம் அப்புறம். ஆடியில் மேல்காற்று வீசும்போது வாழை இலையைப் போய்ப் பாருங்கள். நடுநரம்பு வரை நார் நாராகக் கிழிந்திருக்கும். முருங்கை கொப்போடு முறியும். தக்காளிச் செடி தண்டு ஒடியாமலேயே சாகும், ஏனென்றால் காற்றில் ஆடி ஆடி அடித்தண்டைச் சுற்றி மண்ணில் ஒரு வளையம் விழுந்து, வேர் இளகிவிடும். விரலை விட்டுப் பார்த்தால் அந்த இடைவெளி தெரியும். மண் அணைத்து, செடியின் மேற்கே ஒரு குச்சி நட்டு, சணலைத் தளர்வாக எட்டு வடிவில் கட்டினால் பிழைக்கும்.

இதைத் தடுக்கத்தான் என்று பலர் மேற்கே ஆளுயரத்துக்கு மதில் எழுப்புகிறார்கள். காற்று மதிலில் முட்டி மேலே ஏறி, அணையைத் தாண்டிய தண்ணீர் விழுந்து குழி பறிக்கிற மாதிரி உள்பக்கம் சுழன்று விழுகிறது. மதிலுக்குச் சற்றுத் தள்ளி நிற்கும் செடிதான் அதிகம் அடிவாங்கும். இங்கே வேண்டியது காற்றை வடிகட்டுகிற வேலி. பாதி அடைத்தும் பாதி திறந்தும் இருக்கிற உயிர்வேலிக்குள் நுழையும் காற்று வேகம் குறைந்து மெதுவாக வெளியே வரும். வேலியின் உயரத்தைப் போலப் பத்து மடங்கு தூரம் வரைக்கும் அதன் பாதுகாப்பு இருக்கும் என்பது காற்றுத்தடுப்பு நடுகிறவர்களின் பொதுக்கணக்கு. எட்டடி நொச்சி எண்பது அடித் தோட்டத்தைக் காக்கும்.

எங்கள் வீட்டு மேற்கு ஓரத்தில் நொச்சி, ஆடாதொடை, இடையிடையே கிளுவை. நொச்சியையும் ஆடாதொடையையும் ஆடு தொடுவது அபூர்வம். மூன்றும் குச்சியிலிருந்தே வரும், காசு செலவில்லை. சளி பிடித்தால் ஆவி பிடிக்க நொச்சி இலை, இருமலுக்கு ஆடாதொடை என்று வேலியே பாதி மருந்துப்பெட்டி. குச்சியை ஐப்பசி மழையில் நடவேண்டும். அடுத்த ஆனிக்காற்று வருவதற்குள் வேர் பிடித்துவிடும். சாரல் விழுகிறதே என்று ஆனியில் நட்டால், தூறலில் நனைவதைவிடக் காற்றில் காய்வதுதான் மிகும்.

மண் விஷயத்தைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். இங்கே பெரும்பாலும் செம்மண், கீழே சரளை. தண்ணீரை உடனே குடித்துவிடும், பிடித்துவைக்காது. குளத்துக் கரம்பையைச் செம்மண்ணோடு கலந்தால் அந்தக் குறை தீரும். கோடையில் குளம் வற்றும்போது முறைப்படி அனுமதி வாங்கி அள்ளும் டிராக்டர்காரர்களிடம் கேட்டால் கிடைக்கும். சித்திரையில் மூன்றடிக்கு மூன்றடி குழி வெட்டி வெயிலில் ஆறப்போட்டு, கரம்பையும் தொழுஉரமும் போட்டு மூடினால் மரக்கன்றுக்குப் போதும். மேலே காய்ந்த சருகால் மூடாக்கு போடுவது அவசியம். அதையும் காற்று தூக்கிப் போகாமல் நாலு கல் வைக்கவேண்டும்.

சீசனுக்குக் குற்றாலம் போகிறவர்கள் மங்குஸ்தான், ரம்புட்டான் பழத்தைத் தின்றுவிட்டு, கையோடு கன்றும் வாங்கி வருகிறார்கள். ஆசை நியாயமானதுதான். ஆனால் மங்குஸ்தானுக்கு ஈரக்காற்றும் இளம்பருவத்தில் நிழலும் வேண்டும். மலையடிவாரத்தில் அது உண்டு. வெளியூர் மரத்தைக் குற்றாலத்தில் வைத்துப் பார்ப்பது இருநூறு ஆண்டுக்கு மேற்பட்ட பழக்கம். 1800-ஐ ஒட்டிய ஆண்டுகளில் கிழக்கிந்தியக் கம்பெனியார் அங்கே நறுமணப்பயிர்த் தோட்டம் போட்டு ஜாதிக்காய், கிராம்பு, லவங்கப்பட்டை வளர்த்தார்கள். ஜாதிக்காயும் கிராம்பும் டச்சுக்காரர்கள் மொலுக்கத் தீவுகளில் பொத்தி வைத்திருந்த பயிர்கள்.   கம்பெனி அத்தனை நிலம் இருந்தும் குற்றாலத்தைப் பிடித்தது அந்தச் சாரலுக்காகத்தான். பாவூர்சத்திரத்துக்கு அந்தச் சாரல் முழுசாக வருவதில்லை. இங்கே நெல்லி, கொய்யா, சப்போட்டா, சீத்தா, எலுமிச்சை என்று வையுங்கள். எலுமிச்சைக்குப் பேர்போன புளியங்குடி இதே மாவட்டம்தான்.

காய்கறிக்கு ஆடிப்பட்டம். வெண்டை, கத்தரி, தட்டைப்பயறு, புடலை. புடலைக்கும் பீர்க்கைக்கும் பந்தலை வீட்டின் கிழக்குச் சுவரை ஒட்டிப் போட்டால் காற்றுக்குத் தப்பும். ஆவணியில் ஓணம் வரும்போது பாவூர்சத்திரம் மார்க்கெட்டை ஒருமுறை விடியற்காலையில் போய்ப் பார்க்கவேண்டும். புடலங்காய், தடியங்காய், சேனை, தட்டைப்பயற்றுக் கட்டு என்று கமிஷன் கடை வாசலெல்லாம் குவிந்திருக்கும். ஏலம் முடிந்ததும் லாரிகள் மேற்கே திரும்பும். காற்று வந்த கணவாய் வழியே காய்கறி போகிறது. சுற்றுவட்டாரக் கிணற்றுத் தோட்டங்கள் கேரளத்துப் பண்டிகையைக் கணக்குப் போட்டு விதைக்கின்றன. எங்கள் வீட்டில் மிஞ்சுகிற நாலு புடலங்காய் அந்தக் கணக்கில் வராதுதான், ஆனாலும் அந்த வாரம் அவற்றைப் பறிக்கும்போது எனக்கு ஒரு பெருமிதம் இருக்கும்.

ஐப்பசியில் காற்று திரும்பிவிடும். இப்போது நான் பிறந்த ஊர்ப் பக்கமிருந்து மேகம் வரும். கரிசல்காட்டுக்காரிக்கு அந்த மழைதான் மழை. சாரலில் இல்லாத கனம் அதற்கு உண்டு. பாத்திகளை ஒரு சாண் உயர்த்தி, வடிகால் விட்டுவைக்க வேண்டிய மாதம் இது. 2023 டிசம்பர் 17, 18-இல் நான்கு தென்மாவட்டங்களிலும் பெய்ததை யாரும் மறந்திருக்க முடியாது. காயல்பட்டினத்தில் ஒரே நாளில் 90 சென்டிமீட்டருக்கு மேல் கொட்டியது. மழை ஓய்கிற காலம் என்று நாம் நினைக்கும் மார்கழிப் பிறப்பு அது. பப்பாளியின் காலடியில் தண்ணீர் இரண்டு நாள் நின்றால் வேரழுகிவிடும். அதனால் பப்பாளிக்கு மேட்டைத்தான் கொடுக்கவேண்டும்.

மழை முடிந்தால் கீழப்பாவூர்க் குளம் நிரம்பி நிற்கும். தையில் அந்தக் கரையில் நடந்தால் நாமக்கோழிகளும் நீர்க்காகங்களும் தெரியும். தாமிரபரணி வட்டாரக் குளங்களில் 2011 முதல் ஆண்டுதோறும் ஜனவரியில் நீர்ப்பறவைக் கணக்கெடுப்பு நடக்கிறது. மணிமுத்தாற்றிலுள்ள அகத்தியமலை மக்கள்சார் இயற்கைவளக் காப்பு மையம் முன்னின்று நடத்த, மாணவர்களும் ஆர்வலர்களும் கலந்துகொள்கிறார்கள். குளத்தில் தண்ணீர் நிற்கும்வரை எங்கள் கிணற்றிலும் மட்டம் இறங்காது. மாசியில் குளம் ஓரம் வெளுக்கத் தொடங்கினால் நான் கீரைப்பாத்தியைப் பாதியாகக் குறைத்துவிடுவேன்.

அடுத்த மனையில் ஓர் இளம் தம்பதி புதிதாக வீடு கட்டிக் குடிவந்திருக்கிறார்கள். மேற்கே மதில் எழும்பிவிட்டது. "அத்தை, மதிலை ஒட்டி என்ன வைக்கலாம்?" என்று அந்தப் பெண் கேட்டாள். இந்த ஆடியில் எதுவும் வைக்கவேண்டாம், காற்று எங்கே சுழன்று விழுகிறது என்று மட்டும் சருகு குவிகிற இடத்தைப் பார்த்துக் குறித்துவை என்றேன். ஐப்பசியில் எங்கள் வேலியைக் கழிக்கும்போது அவளுக்குக் குச்சி தருவதாகச் சொல்லியிருக்கிறேன். மதிலுக்கு நாலடி உள்ளே தள்ளி, இரண்டடிக்கு ஒன்றாக, நொச்சியும் ஆடாதொடையும் மாற்றி மாற்றி நடவேண்டும்.