போர்க்கப்பலும் பயணிகள் படகும் ஒரே தண்ணீரில்

2024 டிசம்பர் 18 அன்று மாலை நான்கு மணி வாக்கில், மும்பை கேட்வே ஆஃப் இந்தியாவிலிருந்து எலிபண்டா தீவுக்கு நூறு பேருக்கு மேல் ஏற்றிச் சென்ற ‘நீல்கமல்’ படகின் மீது கடற்படையின் அதிவேகப் படகு ஒன்று மோதியது. கடற்படைப் படகு அப்போது என்ஜின் வெள்ளோட்டத்தில் இருந்தது. அது வளைந்து நெளிந்து சீறி வந்து இடித்ததை நீல்கமலில் இருந்த ஒருவரின் கைபேசி படம் பிடித்தது. இறந்தவர்கள் 15 பேர். அதற்குப் பின் நடந்த விவாதம் பெரும்பாலும் லைஃப் ஜாக்கெட்டையும் அளவுக்கு மீறி ஆள் ஏற்றியதையும் சுற்றியே இருந்தது. அவை பேச வேண்டியவைதான். ஆனால் கட்டுப்பாடு தவறக்கூடிய ஒரு வெள்ளோட்டம், சுற்றுலாப் பயணிகள் நாள் முழுக்கப் போய்வரும் தண்ணீரில் ஏன் நடந்தது என்பதே முதலில் கேட்க வேண்டிய கேள்வி.

மும்பைத் துறைமுகத்தில் நெரிசல் புதிதல்ல. 1735-இல் சூரத்திலிருந்து வந்த பார்சி கப்பல் தச்சர் லவ்ஜி நுஸர்வான்ஜி வாடியா வேரூன்றச் செய்த கப்பல் கட்டும் தளம்தான் இன்று மேற்குக் கடற்படைத் தலைமையகத்தின் கீழ் இயங்கும் கப்பல் பட்டறை. அங்கே 1817-இல் தேக்கு மரத்தில் கட்டிய ‘டிரிங்கோமலி’ என்ற போர்க்கப்பல் இன்றும் இங்கிலாந்தில் ஹார்டில்பூல் ஊரில் மிதக்கிறது. அந்தப் பட்டறையின் பக்கத்திலேயே மும்பைத் துறைமுகம். எதிர்க்கரையில் 1989-இல் தொடங்கிய ஜவஹர்லால் நேரு கன்டெய்னர் துறைமுகம். நடுவே எண்ணெய்க் கப்பல்கள் வந்து அணையும் புட்சர் தீவு. மாண்ட்வாவுக்கும் எலிபண்டாவுக்கும் போகும் படகுகள், கோலி மீனவர்களின் வலைகள் எல்லாம் இதே தண்ணீரில்தான். பார்ப்பதற்கு விரிகுடா அகலமானது. ஆனால் பெரிய கப்பல் மிதக்கும் ஆழம் தூர் வாரிய கால்வாயில் மட்டுமே உண்டு. அதைவிட்டு விலகினால் தரை தட்டும். நிறுத்த நினைத்தாலும் உடனே நிற்காது. என்ஜினைப் பின்னோக்கிச் சுழற்றிய பிறகும் தன் நீளத்தைப் போலப் பல மடங்கு தூரம் ஓடித்தான் ஓயும். மரப்படகும் ஃபைபர் படகும் ரேடார் திரையில் மங்கலாகத் தெரியும், அலை அடிக்கும் நாளில் தெரியாமலே போகும்.

இங்கே தவறு நடந்தால் என்ன ஆகும் என்பதை அடுத்தடுத்த இரண்டு விபத்துகள் முன்பே காட்டியிருந்தன. 2010 ஆகஸ்ட் 7 அன்று ‘எம்.எஸ்.சி. சித்ரா’வும் ‘கலீஜியா-3’ம் மோதின, சித்ராவிலிருந்த கன்டெய்னர்கள் கால்வாயில் சரிந்தன, எண்ணெய் கசிந்தது, இரு துறைமுகங்களிலும் நாள் கணக்கில் போக்குவரத்து நின்றது. ஆறு மாதம்கூட முழுதாக ஆகவில்லை. 2011 ஜனவரி 30 அன்று, கடற்படையினரின் குடும்பத்தாரைக் கடலுக்கு அழைத்துச் சென்று திரும்பிக்கொண்டிருந்த ‘ஐ.என்.எஸ். விந்தியகிரி’ என்ற போர்க்கப்பல் ‘நார்ட்லேக்’ என்ற சரக்குக் கப்பலோடு மோதித் தீப்பிடித்தது. எல்லாரும் உயிரோடு கரை சேர்ந்தார்கள். கப்பலோ மறுநாள் தன் துறையிலேயே மூழ்கியது.

கடலில் போர்க்கப்பலுக்குத் தனி முன்னுரிமை உண்டு என்று பலர் நினைக்கிறார்கள். 1972-இல் வகுத்த சர்வதேச மோதல் தடுப்பு விதிகளில் அப்படி எதுவும் இல்லை. யார் வழி விட வேண்டும் என்பதை அவை கொடியைப் பார்த்து முடிவு செய்வதில்லை; எது எளிதில் திரும்ப முடியும், எது முடியாது என்பதைப் பார்த்தே முடிவு செய்கின்றன. குறுகிய கால்வாயில் ஆழம் தேடிப் போகும் பெரிய கப்பலுக்கு 20 மீட்டருக்குக் குறைந்த படகு இடைஞ்சல் செய்யக் கூடாது. போர்க்கப்பலோ சரக்குக் கப்பலோ, எதுவானாலும் சூழலுக்கு ஏற்ற வேகத்தில்தான் போக வேண்டும். விலக்கு வேறோர் இடத்தில் இருக்கிறது. தன் பெயர், இடம், வேகம், திசை ஆகியவற்றை விடாமல் அறிவித்துக்கொண்டே இருக்கும் ஏ.ஐ.எஸ். கருவி பெரிய வணிகக் கப்பல்களுக்குக் கட்டாயம், போர்க்கப்பல்களுக்கு இல்லை.

அந்த விலக்குக்குப் பாதுகாப்பைக் காரணம் சொல்கிறார்கள். நடுக்கடலில் அந்தக் காரணம் செல்லும். துறைமுக வாயிலில் கரையில் நிற்பவர் கண்ணுக்கே தெரிகிற கப்பலை யாரிடமிருந்து மறைப்பது? 2017-இல் இரண்டே மாத இடைவெளியில் அமெரிக்கக் கடற்படையின் ‘ஃபிட்ஸ்ஜெரால்ட்’ ஜப்பானின் யோகோசுகா தளத்துக்கு அப்பாலும், ‘ஜான் எஸ். மெக்கெய்ன்’ சிங்கப்பூர் நீரிணைக்கு அருகிலும் வணிகக் கப்பல்களோடு மோதி 17 மாலுமிகள் இறந்தார்கள். போதாத பயிற்சியும் களைப்புமே முதன்மையான காரணங்கள் என்று விசாரணைகள் கண்டன. ஆனாலும், ரகசியத்தைப் போற்றும் அந்தக் கடற்படையே நெரிசலான நீர்ப்பரப்பில் ஏ.ஐ.எஸ்.ஸை இயக்குவது என்று அதன் பிறகு முடிவெடுத்தது.

லைஃப் ஜாக்கெட் அணிந்திருந்தால் சாவு குறைந்திருக்கும் என்பது உண்மை. இறப்பு கூடியதற்கு அதை அணியாதது காரணம். மோதலுக்குக் காரணம் அல்ல. கடற்படையையே மும்பையிலிருந்து கிளப்பிவிடலாம் என்போரும் உண்டு. கார்வாரில் 2005 முதல் பெரிய தளம் இருக்கிறது, ஓரளவு சுமையை அது தாங்கும். ஆனால் உலர் துறைகளையும் தலைமுறை தலைமுறையாகத் தொழில் கற்ற பட்டறைத் தொழிலாளர்களையும் பெயர்த்து வைப்பது நடக்கிற காரியமா? கடற்படை அங்கேயே இருக்கும் என்று எடுத்துக்கொண்டுதான் வழி தேட வேண்டும்.

வழிக்கு இங்கிலாந்தின் போர்ட்ஸ்மத் நல்ல சான்று. 65,000 டன் விமானந்தாங்கிக் கப்பலும், பிரான்சுக்குப் போகும் பயணிகள் கப்பலும், பாய்மரப் படகும் அங்கே ஒரே குறுகிய வாயில் வழியாகப் போய்வருகின்றன. கடற்படைக் கப்பலானாலும் சரி, தனியார் படகானாலும் சரி, போக்குவரத்தை ஒழுங்கு செய்பவர் ‘கிங்ஸ் ஹார்பர் மாஸ்டர்’ என்ற ஒரே அதிகாரி. 20 மீட்டருக்குக் குறைந்த படகுகளுக்கு வாயிலின் மேற்கு ஓரத்தில் தனிப் பாதை. மும்பையிலோ கப்பல் போக்குவரத்தைக் கண்காணிப்பது துறைமுகம், பயணிகள் படகுகளுக்கு உரிமம் தருவது மகாராஷ்டிரக் கடல்சார் வாரியம், கடற்படைப் படகுகளுக்குப் பொறுப்பு கடற்படை. மூவரும் தத்தம் வேலையைச் சரியாகச் செய்தாலும் இடையில் ஒரு வெள்ளோட்டம் நுழைந்துவிட முடியும். வெள்ளோட்டத்துக்கு என்று தனி இடமும் நேரமும் குறித்து, முன்கூட்டியே படகோட்டிகளுக்கு அறிவித்து, அந்த எல்லைக்குள் பயணிகள் படகு வராமல் பார்த்துக்கொள்ளும் அதிகாரத்தை ஒரே கட்டுப்பாட்டு அறைக்குத் தர வேண்டும். இதற்குப் புதுக் கப்பலும் வேண்டாம், பெரும் செலவும் இல்லை. கடற்படையும் துறைமுகமும் மாநில அரசும் உட்கார்ந்து பேசி ஓர் உத்தரவு போட்டால் போதும். அதை இனியும் தள்ளிப்போடக் கூடாது.