காலமெல்லாம் உதவி இன்ஸ்பெக்டர்

"ஹாரி, போய்க் காரை எடு!" ஜெர்மனியில் இந்த வசனம் பிரபலம். 'டெரிக்' துப்பறியும் தொடரில் இன்ஸ்பெக்டர் டெரிக் தன் உதவியாளருக்கு இடும் கட்டளை என்று ஊரே சொல்லிச் சிரிக்கும். வேடிக்கை என்னவென்றால், ஒளிபரப்பான 281 பகுதிகளில் ஒன்றில்கூட இந்த வசனம் அப்படியே வரவில்லை. பேசாத வசனத்தால் புகழ்பெற்ற அந்த உதவியாளர், ஃப்ரிட்ஸ் வெப்பர்.

1941-ல் மியூனிக்கில் பிறந்தவர். 1959-ல் பெர்ன்ஹார்ட் விக்கி இயக்கிய 'டீ ப்ரூக்கே' படத்தில் கவனிக்கப்பட்டார். இரண்டாம் உலகப் போரின் கடைசி நாட்களில், எதற்கும் உதவாத ஒரு பாலத்தைக் காக்க நிறுத்தப்படும் ஏழு பள்ளி மாணவர்களின் கதை. அதில் உயிர் பிழைக்கும் ஒரே பையன் இவர்தான்.

1969-ல் இசட்.டி.எஃப். தொலைக்காட்சியில் 'டெர் கமிஸார்' தொடங்கியது. எரிக் ஓடேதான் கமிஸார். அவருக்குக் கீழே ஹாரி கிளைன் என்ற இளம் போலீஸ்காரராக வெப்பர். 1974-ல் அதே கதாசிரியர் ஹெர்பர்ட் ரைனெக்கர் 'டெரிக்'கை எழுத ஆரம்பித்ததும், ஹாரிக்கு அங்கே டிரான்ஸ்ஃபர்! பழைய தொடரில் காலியான இடத்துக்கு வந்தவர் வெப்பரின் சொந்தத் தம்பி எல்மார். கதையிலும் ஹாரியின் தம்பிதான். நிஜ ஆபீஸாக இருந்தால் மொட்டைக் கடிதாசி பறந்திருக்கும்.

அதன்பின் 24 வருடம், 1998 வரை, டெரிக்காக நடித்த ஹோர்ஸ்ட் டாப்பெர்ட்டின் பக்கத்தில் நின்றார். நூறு நாடுகளுக்கு மேல் ஓடிய தொடர் அது. மியூனிக்கில் ஏதோ ஒரு பணக்கார வீட்டுக் கூடம். டெரிக் நிதானமாகக் கேள்வி கேட்பார், எதிரே இருப்பவர் மழுப்புவார். ஹாரிக்கு வசனமே இருக்காது. அவர் பார்வை பொய் சொல்பவரின் முகத்துக்குப் போகும், அங்கிருந்து டெரிக்கிடம் திரும்பும். அவ்வளவுதான். கொஞ்சம் கூடினால் காட்சியைத் திருடியதாகிவிடும். கொஞ்சம் குறைந்தால் மரம் மாதிரி நிற்கிறார் என்பார்கள். தலைமை வேடத்தைவிட இதுதான் கஷ்டம் என்பேன்.

வசனம் கிடைத்தால் என்ன செய்வார் என்பதற்கு 'காபரே' (1972) சாட்சி. பாப் ஃபாஸி இயக்கத்தில் லைசா மினெல்லி நடித்து, எட்டு ஆஸ்கர் வாங்கிய படம். பணக்கார யூதப் பெண்ணைக் காதலிக்கும் இளைஞன் வெப்பர். தானும் யூதன் என்பதை மறைத்து வாழ்பவன். நாஜிகள் தலையெடுக்கும் நேரத்தில் அவள் வீட்டு வாசலில் நின்று அந்த உண்மையைச் சொல்கிறான். மிடுக்கு முழுக்க உதிர்ந்து, தப்பு செய்து மாட்டிக்கொண்ட பையனைப் போல நிற்கும் அந்த முகத்தைப் பாருங்கள்! அதற்குப் பிறகும் அவர் ஹாரியை விடவில்லை.

அறுபது வயதில்தான் வாய்க்கு வேலை வந்தது. 2002-ல் தொடங்கிய ஏ.ஆர்.டி.யின் 'உம் ஹிம்மல்ஸ் வில்லன்' தொடரில் மேயர் வோல்ஃப்காங் வொல்லர். கன்னிமாடத்தின் மீது கண் வைத்து, கன்னியாஸ்திரிகளிடம் வாரந்தோறும் மூக்குடைபடும் ஆசாமி. ஜூட்டா ஸ்பைடலும், பின்னர் யானினா ஹார்ட்விக்கும் கன்னியாஸ்திரிகளாக அவரோடு மல்லுக்கட்டினார்கள். கத்தினார், கெஞ்சினார், கணக்குப் போட்டுத் தோற்றார். 2021 வரை தொடர் ஓடியது. 2024 மார்ச்சில் வெப்பர் காலமானார். தம்பி எல்மார் ஐந்து மாதம் முன்புதான் போயிருந்தார்.